குளூட்மாட் நெருப்புக்கு ஒரு மொழிபெயர்ப்பாளர்

2017 ஜூன், ஒரு வியாழக்கிழமை. காலை ஆறரை மணி ரயிலில் ஓல்டனில் இருந்து புறப்பட்டேன். பேர்ணில் மாறி, முப்பத்தைந்து கிலோமீற்றர் சுரங்கத்தைக் கடந்து, எட்டு மணியளவில் வீஸ்ப் நிலையத்தில் இறங்கினேன். அரைக்கட்டண அட்டையோடு ஒரு வழிக்கு முப்பது பிராங்கிற்குக் கொஞ்சம் கூட. அங்கிருந்து மஞ்சள் நிறத் தபால் பஸ். குளூட்மாட் வரை பத்தொன்பது கிலோமீற்றர், ஐம்பது நிமிடம். பாதி வழி வளைவுகள்தான்.

நான் வாரத்தில் மூன்று நாள் முதியோர் இல்லத்தில் வேலை செய்கிறேன். மற்ற நாட்களில் தமிழ், ஜேர்மன் மொழிபெயர்ப்பு. மருத்துவமனை, பாடசாலை, அகதி விசாரணை என்று பல இடங்களுக்குப் போயிருக்கிறேன். எரிமலைக் கல்லூரியில் இருந்து அழைப்பு வந்தது இதுவே முதல் தடவை. சுவிசில் எரிமலையே இல்லை. பிறகு ஏன் கல்லூரியை இங்கே வைத்தார்கள் என்று சாரதியிடம் கேட்டேன்.

“இல்லை என்பதால்தான்” என்றார் அவர். “மலைக்குள் நெருப்பு இருக்கிற நாட்டில் வைத்தால், இவர்கள் கொண்டுவந்த நெருப்பு அதோடு சேர்ந்துவிடும். இங்கே அதற்குப் பேச்சுத்துணை கிடையாது.”

ஒன்பது மணிக்குக் கல்லூரி வாசலில் இறங்கினேன். முன்பு காசநோயாளர் விடுதியாக இருந்த மூன்று மாடிக் கல் கட்டடம். மேற்குச் சுவர் கூரை வரை கரிபிடித்திருந்தது. அவித்த முட்டை வாசம் பஸ் தரிப்பிடம் வரை வந்தது.

தலைமைத் தேர்வாளர் அறுபது வயது மதிக்கத்தக்க பெண்மணி. கோப்பி தந்துவிட்டு விதிகளை விளக்கினார். ஒவ்வொரு மாணவரும் ஒரு மலையின் நெருப்பை ஒன்றரை மணி நேரம் பேச்சால் அடக்கிவைக்க வேண்டும். எந்த மொழியும் பேசலாம். ஆனால் ஒவ்வொரு சொல்லும் தேர்வாளருக்கு விளங்க வேண்டும். நெருப்புக்கு வாக்குக் கொடுக்கக் கூடாது. கொடுத்தால் தோல்வி.

“நெருப்பு மறப்பதில்லை” என்றார். “மேற்குச் சுவரைப் பார்த்திருப்பீர்கள். ஒரு மாணவர் நாளைக்கு வருகிறேன் என்று சொல்லிவிட்டு விடுமுறைக்குப் போய்விட்டார்.”

தேர்வு எழுதும் பெண் மதுரா நடையில் காத்திருந்தாள். இருபத்திரண்டு வயது, சுவிசிலேயே, டீட்டிகோனில் பிறந்து வளர்ந்தவள்.

“வணக்கம் அன்ரி. நீங்கள்தானோ மொழிபெயர்க்க வந்த டொல்மெச்சரின்?”

“ஓம். உமக்கு ஜேர்மன்தானே லேசு பிள்ளை, ஏன் தமிழில கதைக்கிறீர்?”

“நாலு வருசம் ஜேர்மன்லதான் கதைச்சனான். நெருப்பு கணக்கெடுக்கேல்லை. மார்ச்சில, முதல் தேர்வில, அது எழும்பேக்க பயத்தில தமிழ் வந்திட்டுது. எங்கட பூனையோட கதைக்கிற மாதிரி. உடன அடங்கிட்டுது. இவைக்கு விளங்கேல்லை எண்டு நிப்பாட்டிப் போட்டினம்.” தேர்வறைக் கதவைப் பார்த்துச் சொன்னாள்: “இண்டைக்குச் சரிவந்தா ஐஸ்லாந்தில வேலை. வராட்டி இன்னொரு தரம் இல்லை.”

பத்து மணிக்குத் தேர்வு தொடங்கியது. அறையின் நடுவில் கறுப்புக் கல் தொட்டி. அதற்குள் இந்தோனேசிய மலையொன்றின் நெருப்பு. மதுரா அதன் முன் சப்பாணி கட்டி இருந்தாள். நான் தேர்வாளர்கள் இருவருக்கும் பின்னால் இருந்தேன். கூட்டாமலும் குறைக்காமலும் சொல்வேன் என்று முதலிலேயே சொல்லிவிட்டேன்.

அரை மணி நேரத்தில் நெருப்பு ஆளுயரம் எழுந்தது. என் கண்ணாடி சுட்டது.

“ஏன் இவ்வளவு கோவம்? ஒருத்தரும் உன்னை ஒண்டும் செய்யேல்லைத்தானே. கொஞ்சம் இரு. இப்பிடியே இரு, பாப்பம்.”

நான் வரிவரியாக ஜேர்மனில் சொன்னேன். நெருப்பு முழங்கால் உயரத்துக்கு வந்து, பிறகு தொட்டி விளிம்புக்குள் அடங்கியது. பதினொன்றரைக்கு மணி அடித்தது. மதுரா எழுந்து பாவாடையைத் தட்டிக்கொண்டு, “சரி, போயிட்டு வாறன்” என்றாள்.

நான் ஒரு கணம் தயங்கினேன். “விடைபெறுகிறாள்” என்றேன்.

“சொல்லுக்குச் சொல்?” என்று கேட்டார் தலைமைத் தேர்வாளர்.

“போய்விட்டு வருகிறேன்.”

அவர் பேனையை எடுத்தார். “இது வாக்கு.”

எங்களில் எல்லோரும் வீட்டை விட்டு இறங்கும்போது இப்படித்தான் சொல்வோம், வெறுமனே போகிறேன் என்பது கூடாத சொல் என்று விளக்கினேன்.

“சொன்னவர்கள் திரும்பி வருவார்களா?”

“எல்லோரும் இல்லை.”

“வாசலில் நிற்பவர்கள் காத்திருப்பார்களா?”

“ஓம்” என்றேன். பதற்றத்தில் தமிழில் சொல்லிவிட்டு, ஜேர்மனில் திருத்தினேன்.

நெருப்பு கதவுப் பக்கம் சாய்ந்து நின்றது. மதுரா அதைப் பார்த்துக்கொண்டே தேர்வாளரிடம் சுவிஸ் ஜேர்மனில் பேசினாள். “எப்போது வருவேன் என்று நான் சொல்லவில்லை. இப்போதே போய்விட்டு வந்தால் வாக்கு முடிந்துவிடும். மிச்சம் ஒன்றும் இல்லாவிட்டால் தோல்வி இல்லை, சித்திதானே?”

தேர்வாளர்கள் தங்களுக்குள் கதைத்தார்கள். பன்னிரண்டு மணி வரை நேரம் கொடுத்தார்கள்.

அவள் வெளியே போய் முற்றத்தை ஒரு சுற்றுச் சுற்றினாள். ஆறு நிமிடம். கதவுப் பக்கம் சாய்ந்த சுவாலை அசையவில்லை. “வந்திட்டன்” என்று அவள் உள்ளே வந்ததும் நிமிர்ந்தது. இனி மறுபடியும் விடைபெற வேண்டும். அவள் என்னைத் திரும்பிப் பார்த்தாள்.

“அன்ரி, வாறன் எண்டு சொல்லாமல் எப்பிடி வெளிக்கிடுறது?”

எனக்கு விடை தெரியும். உதவ அனுமதி இல்லை. கேள்வியை மட்டும் ஜேர்மனில் சொல்லிவிட்டுக் கையைக் கட்டிக்கொண்டேன். அவள் சுவர் மணிக்கூட்டைப் பார்த்தாள். பிறகு தொட்டியின் அருகே குந்தினாள்.

“நான் போறன். நீ இரு.”

கோபத்திலும் செத்த வீட்டிலும் மட்டும் நான் கேட்ட சொல். அப்படியே மொழிபெயர்த்தேன். நெருப்பு ஒருதரம் முகத்தில் அடிக்கிற மாதிரி எழுந்தது. பிறகு தணலாகச் சுருங்கியது. தலைமைத் தேர்வாளர் ‘சித்தி’ என்று எழுதிக் கையொப்பமிட்டார். மதுரா சுவரில் சாய்ந்து அழுதாள்.

மதியம் சூப்பும் பாணும் சீஸும். இரண்டு மணி பஸ்சுக்கு மதுரா கூட வந்தாள்.

“எல்லாரும் வாறேல்லை எண்டு சொன்னீங்கள். ஆரை நினைச்சுச் சொன்னனீங்கள் அன்ரி?”

“என்னைத்தான்” என்றேன்.

இருபத்தொரு வருடத்துக்கு முன் யாழ்ப்பாணத்தில் அக்காவிடம் போயிட்டு வாறன் என்று சொல்லிவிட்டு வெளிக்கிட்டவள் நான். முதலில் அகதி வழக்கு, பிறகு போர். சுவிஸ் பாஸ்போர்ட் கிடைத்து ஏழு வருடமாகிறது; அதன் பிறகு தடுத்தது எதுவென்று கேட்டால் லீவு, வீடு, பிள்ளைகளின் படிப்பு என்று வாயில் வந்ததைச் சொல்வேன்.

மூன்று மணிக்கு வீஸ்ப் மேடையில் நின்று அக்காவுக்குப் போன் எடுத்தேன். அங்கே மாலை ஆறரை. ஓகஸ்டில் வெயில் எப்படி, வீட்டில் இடம் இருக்குமோ என்று கேட்டேன்.

அக்கா ரேடியோவை நிறுத்துகிற சத்தம் கேட்டது. பிறகு, “ஏன், ஆருக்கும் ஏதும் சுகமில்லையோ?” என்று கேட்டா.

“இல்லை அக்கா” என்றேன். “சும்மா வாறன்.”