மாமாவின் ரோஜாத் தலை

என் தாய்மாமாவின் தலையை நான் ரோஜா நிறமாக்கியது ஒரு செவ்வாய்க்கிழமை. அவருக்குப் பெண் பார்க்கப் போக வேண்டியது அடுத்து வந்த ஞாயிற்றுக்கிழமை. இடையில் கிடந்த நான்கு நாட்களில் நான் கூப்பிடாத தெய்வம் இல்லை. அதுவரை எட்டிக்கூடப் பார்க்காத எல்லைச்சாமிக்கும் ஒரு தேங்காய் வேண்டிக்கொண்டேன்.

மாமா அம்மாவுக்கு ஒரே தம்பி. முப்பத்திரண்டு வயது. அரியலூர்ப் பக்கம் ஒரு சிமெண்டு ஆலையில் லாரிக்கு எடை போடும் இடத்தில் கிளார்க்காக இருந்தார். அதிர்ந்து பேசாத மனிதர். அவருக்கு இருந்த ஒரே குறை தலை. இருபத்தைந்து வயதிலேயே நரைக்க ஆரம்பித்து முப்பதில் தும்பைப்பூவாகிவிட்டது. மீசை மட்டும் கன்னங்கரேல். பெண் வீட்டார் மீசையைப் பார்த்துவிட்டுச் சிரிப்பார்கள், பிறகு தலையைப் பார்த்துவிட்டு மாப்பிள்ளைக்கு அப்பாவா என்று கேட்பார்கள்.

ஒரு வீட்டில் அம்மா துணிந்து ஒரு பொய் சொன்னாள். "அது நரை இல்லீங்க, சிமெண்டுத் தூசி. வேலையிலேருந்து நேரா வந்துட்டான்." பெண்ணின் சித்தப்பா ரொம்ப மரியாதையான ஆள். "அப்ப ஒரு தடவ குளிச்சிட்டு வரச் சொல்லுங்க, இருக்கோம்" என்றார். அந்த இடம் அதோடு போயிற்று.

கறுப்புச் சாயமும் போட்டுப் பார்த்தாயிற்று. போட்ட மறுநாள் முகம் இட்லி மாதிரி வீங்கி, இரண்டு நாள் கண்ணே திறக்கவில்லை. முடியும் கொத்துக் கொத்தாகக் கையோடு வந்தது. இனிமேல் அந்தத் தலையில் காட்டமாக எதுவும் படக்கூடாது என்று டாக்டர் எச்சரித்து அனுப்பினார். அப்படியாக ஏழு இடம் தட்டிப்போனது.

இதில் எனக்கென்ன வந்தது என்று கேட்கலாம். அங்கேதான் இருக்கிறது விஷயம். எங்கள் ஜெயங்கொண்டம் பக்கத்தில் அக்கா மகளைத் தாய்மாமன் கட்டுவது சர்வசாதாரணம். ஒவ்வொரு இடம் தட்டிப்போகும்போதும் அம்மா பெருமூச்சு விட்டுவிட்டுச் சொல்வாள்: "வெளிய அமையலன்னா என்னா இப்ப? நம்ம வூட்டுலயே ஒரு கழுத நிக்குதுல்ல."

அந்தக் கழுதை நான். அப்போதுதான் பிளஸ் டூ பரீட்சை எழுதிவிட்டு, கும்பகோணம் காலேஜில் சேர்வதாகக் கனவு கண்டுகொண்டிருந்தேன். மாமா என்றால் எனக்கு உயிர். என்னைத் தோளில் வைத்துத் திருவிழா காட்டியவர், மூக்குச் சிந்திவிட்டவர். மூக்குச் சிந்திவிட்டவரைப் போய் எப்படிக் கட்டிக்கொள்வது? மாமாவுக்குக் கல்யாணம் ஆக வேண்டும் என்று உலகத்திலேயே அதிகமாக ஆசைப்பட்ட ஜீவன் நான்தான். நானே அவர் தலையில் சாயத்தை ஊற்றினேன். வேலியில் போன ஓணானைப் பிடித்து மடியில் கட்டிக்கொண்டவள் கதை இது.

சித்திரையில் மாரியம்மன் திருவிழா முடிந்த மறுநாள் மஞ்சள் நீராட்டு. முறைப்பையன்கள், மாமன்கள் மேல் பெண்கள் மஞ்சள் தண்ணீர் ஊற்றலாம். வருஷத்தில் அந்த ஒரு நாள் எங்களை யாரும் அதட்ட முடியாது. என் தோழியின் அப்பா பட்டு நூலுக்குச் சாயம் போடுகிறவர். அவர் பட்டறையிலிருந்து அவள் ஒரு சிட்டிகைத் தூளைக் காகிதத்தில் மடித்துக் கொண்டுவந்தாள். "வெறும் மஞ்சத்தண்ணி யாருக்குடி வேணும், இதப் போட்டுப் பாரு" என்றாள். குடத்துத் தண்ணீரில் போட்டேன். கலர் அப்படி ஒரு கலர்! ருசிக்கு உப்பு மாதிரி இரண்டு எலுமிச்சம்பழத்தையும் பிழிந்துவிட்டு, குடத்தை வெயிலில் வைத்துவிட்டுச் சாப்பிடப் போனேன்.

மத்தியானம் அத்தை மகன்கள் மூன்று பேருக்கு ஊற்றினேன். சட்டை பாழானதோடு சரி, கறுப்புத் தலையில் ஒன்றும் தெரியவில்லை. அந்த நேரம் பார்த்து மாமா பஸ் இறங்கி, கையில் பலகாரப் பொட்டலத்தோடு தெருவில் வந்தார். பின்னாலிருந்து ஓடிப்போய்க் குடத்தை அப்படியே கவிழ்த்தேன்.

அவர் சிரித்துக்கொண்டே திரும்பினார். துண்டை எடுத்துத் துடைத்தார். துடைக்கத் துடைக்கத் தெருவே அடங்கிப்போனது. வெள்ளைத் தலை முழுக்கக் கல்யாணப் பந்தல் ரோஜாப்பூ. எனக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. சிரித்துச் சிரித்துத் தரையில் உட்கார்ந்துவிட்டேன். ஞாயிற்றுக்கிழமை ஞாபகம் வந்ததும்தான் சிரிப்பு நின்றது.

அம்மா அடிக்கவில்லை. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது. பக்கத்து வீட்டு அக்காவிடம், "ஆச இல்லாமயா ஊத்துவா? சின்னஞ்சிறுசு, வாயத் தொறந்து சொல்லத் தெரியல" என்று குளிர்ந்துபோய்ப் பேசிக்கொண்டிருந்தாள். 

உடனே மாமாவை இழுத்துக்கொண்டு கிணற்றடிக்குப் போனேன். ஆளாளுக்கு வைத்தியம் சொன்னார்கள். ஒருவர் மண்ணெண்ணெய் என்றார். ஒருவர் வண்ணான் துறை உவர்மண் என்றார். கிணற்றுக்குப் போடும் பிளீச்சிங் பவுடரை ஒரு பிடி எடுத்துக்கொண்டு ஒருவர் வந்தே விட்டார். அதைப் பார்த்ததும் மாமா தலையை இரண்டு கையாலும் மூடிக்கொண்டார். மொட்டை போட்டுவிடலாம் என்று ஒரு யோசனை. மொட்டைத் தலையோடு பெண் பார்க்கப் போனால் வீட்டில் யார் செத்தார்கள் என்றல்லவா முதலில் கேட்பார்கள்? நாளைத் தள்ளிப்போடவும் வழியில்லை, ஏற்கெனவே இரண்டு தடவை தள்ளியாயிற்று. கடைசியில் நானே ஒரு முடிவு செய்தேன். கறை என்றால் எலுமிச்சம்பழம்தானே? நாலு பழத்தைப் பிழிந்து, புளித்த மோரையும் சேர்த்துத் தேய்த்தேன். அலசிப் பார்த்தால் ரோஜா இன்னும் பளபளவென்று ஆகியிருந்தது.

மறுநாள் மாமாவுக்குத் தலைப்பாகை கட்டிச் சாயப் பட்டறைக்கு அழைத்துப் போனேன். தோழியின் அப்பா தலைப்பாகையை அவிழ்த்தார், ஒரு முடியை விரலில் சுற்றி வெளிச்சத்தில் பார்த்தார். முகத்தில் கவலையே இல்லை, பூரிப்புத்தான் இருந்தது.

"அடேயப்பா, ஒரு சொட்டுத் திட்டு இல்லாம என்னமா புடிச்சிருக்கு! யாரு போட்டது?"

நான் கையைத் தூக்கினேன். என்ன செய்தேன் என்று கேட்டார். வெயிலில் வைத்த குடம், எலுமிச்சம்பழம், பிறகு மோர் எல்லாவற்றையும் சொன்னேன்.

"ஏ புள்ள, சாயம் நூல்ல நிக்கறதுக்குத்தான் நாங்க சூடும் புளிப்பும் குடுக்கறோம். நீ ஒண்ணு வுடாம செஞ்சிருக்கே. என்கிட்ட வேலைக்கு வந்துடுறியா?"

மாமாவே சிரித்துவிட்டார். எனக்கு அழுகைதான் வந்தது. எடுக்க முடியாதா என்று கேட்டேன்.

"எடுக்கலாம். ஒரே நாள்ல எடுக்கறதுக்கும் மருந்து இருக்கு. சாயமும் போவும், முடியும் போவும். பட்டும் முடியும் ஒரே சாதி. அடிச்சா அறுந்துடும், பொறுமையாக் கேட்டா குடுத்துடும்." பிறகு வழி சொன்னார். முதலில் நல்லெண்ணெயை ஊற்றி ஊறவிட வேண்டும். வெள்ளை சோப்பைச் சீவிக் கை பொறுக்கிற சூட்டுத் தண்ணீரில் கரைத்து, நுரையைத் தலையில் தேக்கி வைக்க வேண்டும். சலவைச் சோடாவைக் கண்ணிலும் காட்டக்கூடாது, பரபரவென்று தேய்க்கக்கூடாது, புளிப்பு கிட்டவே வரக்கூடாது. ஒவ்வொரு தடவையும் கொஞ்சம்தான் இறங்கும். காலையும் மாலையும் விடாமல் செய்தால் ஞாயிற்றுக்கிழமைக்குள் முக்கால்வாசி போகும். "மிச்சம் காவாசிக்கு அந்தப் பொண்ணு வூட்டாரு மனசு வைக்கணும்" என்றார்.

மாமா லீவு போட்டார். நான் பள்ளிக்கூடத்தில்கூட அப்படி ஒழுங்காக இருந்ததில்லை. விடிந்ததும் எண்ணெய், பிறகு நுரை, பிறகு அலசல். சாயங்காலம் மறுபடியும். துவைக்கிற கல்லில் அவர் குனிந்து உட்கார்ந்திருப்பார், நான் விரல் நுனியால் வருடிக்கொண்டிருப்பேன். முதல் தடவை இறங்கிய தண்ணீர் வாய்க்காலில் ரோஜாவாக ஓடியதைப் பார்த்ததும் நான் சோப்புக் கையோடு கிணற்றைச் சுற்றி ஒரு ஆட்டம் ஆடினேன். வியாழக்கிழமை தலை பஞ்சுமிட்டாய் ஆனது. சனிக்கிழமை சின்ன வெங்காயத் தோல். ஒரு முடிகூட உதிரவில்லை. மாமா ஒரே ஒரு கேள்விதான் கேட்டார், அதுவும் கண்ணில் நுரை விழுந்த நேரத்தில்.

"காலேஜுக்கு அப்ளிகேஷன் போட்டியா?"

"அம்மா வேணாங்குது."

அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். இன்னும் கொஞ்சம் தண்ணீர் ஊற்றச் சொன்னார்.

ஞாயிற்றுக்கிழமை அம்மா, மாமா, நான் மூன்று பேரும் பஸ் மாறிக் கீழப்பழுவூர் போய்ச் சேர்ந்தோம். வீட்டுக்குள் கொஞ்சம் இருட்டு, எனக்கு மகிழ்ச்சி. ஆனால் மாமாவை ஜன்னல் ஓரத்து நாற்காலியில் உட்கார வைத்துவிட்டார்கள். வெயில் நேராகத் தலையில் விழுந்தது. பெண்ணின் அப்பா கண்ணைச் சுருக்கிப் பார்த்தார்.

"தலையில என்னங்க, ஒரு மாரி செவப்பாட்டம்?"

அம்மா வாயைத் திறந்தாள். அதற்குள் மாமா உள்ளதைச் சொல்லிவிட்டார். "மஞ்சத்தண்ணிங்க. எங்க அக்கா மவ ஊத்துனா, சாயத்தக் கலந்து. தலை முழுக்க வெள்ளைங்கறதால புடிச்சிக்கிச்சு."

எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். பெண்ணின் அம்மா என்னை மேலும் கீழும் அளந்தார். குரல் மெதுவாகத்தான் இருந்தது. "உரிமையுள்ள பொண்ணு வூட்டுலயே இருக்கு, ஆசையா மஞ்சத்தண்ணியும் ஊத்தியிருக்கு. நடுவுல எம்பொண்ணக் கொண்டாந்து வுடலாங்களா? நாளைக்கு இந்தப் புள்ள கண்ணு கலங்குனா எங்களுக்கு ஆவுமா?"

அம்மா மறுத்து ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். சொல்லவில்லை. தரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். நான் எழுந்து நின்றது எனக்கே தெரியாது.

"எனக்கு மாமா வேணாங்க! நான் காலேஜுக்குப் போவணும். நாலு நாளா இந்தத் தலையத் தேச்சுத் தேச்சுக் கையெல்லாம் ஊறிப் போச்சு, அதுவும் உங்க வூட்டுக்காகத்தான். தயவு பண்ணி நீங்களே வச்சிக்கிங்க!"

 அம்மா என் கெண்டைக்காலில் கிள்ளிய இடம் ஒரு வாரம் கன்றிக் கிடந்தது. நான் மாமாவைப் பார்த்தேன். அவர் தோள் குலுங்கிக்கொண்டிருந்தது. அழுகிறார் என்று நினைத்தேன். சிரித்துக்கொண்டிருந்தார். கண்ணில் தண்ணீர் வர, துண்டை வாயில் வைத்துக்கொண்டு அப்படி ஒரு சிரிப்பு. அடங்கியதும் அம்மா பக்கம் திரும்பினார்.

"அக்கா, அவளக் காலேஜுல சேத்து வுடு. எனக்குப் பொண்ணு அமஞ்சாலும் சரி, அமையாட்டியும் சரி, இவள நான் கட்ட மாட்டேன். நான் தூக்கி வளத்த புள்ள."

அடுப்படி வாசலில் காபித் தட்டோடு நின்றிருந்த பெண், தட்டைக் கீழே வைத்துவிட்டு, "அப்பா, எனக்குச் சம்மதம்" என்றார்.

அந்த வைகாசியிலேயே கல்யாணம் நடந்தது. நான் கும்பகோணத்தில் படித்து முடித்து, வேலைக்கும் போக ஆரம்பித்த பிறகு ஒரு நாள், அந்தத் தலையைப் பார்த்துமா சம்மதம் சொன்னீர்கள் என்று அத்தையைக் கேலி செய்தேன். அத்தை கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். நிமிராமலே சொன்னார்:

"தலைய எவ பாத்தா? சபையில ஒரு பொண்ணு மூஞ்சிக்கு நேரா வேணாங்குது. எந்த ஆம்பளைக்கும் ரோசம் பொத்துக்கிட்டு வரும். இந்த மனுசன் சிரிச்சாரு. சிரிச்சிட்டு ஒனக்காவப் பேசுனாரு. அதுக்கு மேல நான் என்னத்தப் பாக்கணும்?"

நான் கொல்லைப்பக்கம் எழுந்து போய்விட்டேன். நாலு பேர் நடுவில் மாமாவை நான் வேண்டாம் என்று சொன்னேன் என்பது, அத்தனை வருஷமும் அந்தக் கதையைச் சொல்லிச் சொல்லிச் சிரித்த எனக்கு, அன்றைக்குத்தான் உறைத்தது.