நீரற்ற என்று எழுதாத அட்டவணை

எங்கள் இறால் குஞ்சுப் பண்ணையின் தொட்டிக் கூடத்தில், கதவுக்கு வலப்பக்கம், கண் மட்டத்துக்குச் சற்று மேலே ஓர் அட்டவணை ஒட்டியிருந்தது. எழுதியவள் நான். மொத்தம் ஆறு வரிகள். கடல்நீரை இழுத்துத் தொட்டியை நிரப்பியதும் எவ்வளவு பிளீச்சிங் பவுடர் போடவேண்டும், எத்தனை மணி நேரம் தண்ணீருக்குள் காற்று ஓட்டவேண்டும், மீந்த குளோரினைப் போக்க ஒரு டன் தண்ணீருக்கு எத்தனை கிராம் தயோசல்பேட் உப்பு கரைக்கவேண்டும் என்று வரிசையாக இருக்கும். பிளாஸ்டிக் உறை போட்டு நான்கு மூலையிலும் டேப் ஒட்டியிருந்தேன். உப்புக்காற்றில் எட்டு வருடம் தாங்கியது.

அதன் ஐந்தாவது வரியில் ஒரு சொல் இல்லை. ‘தயோசல்பேட்’ என்று எழுதியிருந்தேன். ‘நீரற்ற தயோசல்பேட்’ என்று எழுதியிருக்கவேண்டும்.

வேதியியல் படிக்காதவர்களுக்கு அந்தச் சொல்லைக் கொஞ்சம் விளக்கவேண்டும். நீரற்ற என்றால் காய்ந்த என்று பொருளில்லை. காய்ந்த துணியில் ஈரம் இல்லை, அவ்வளவுதான். சில உப்புகள் கைக்கு நன்றாகக் காய்ந்திருக்கும், விரலில் ஒட்டாது, தாளில் வைத்தால் தாள் நனையாது. ஆனாலும் அவற்றின் படிகத்துக்குள் தண்ணீர் இருக்கும். உப்போடு கணக்காகச் சேர்ந்து, அந்தப் படிகத்தின் பகுதியாகவே இருக்கும். மயில்துத்தத்தைக் கல்லூரியில் சூடாக்கிப் பார்த்தவர்களுக்குத் தெரியும். நீலம் மெல்ல வெளுத்து, கடைசியில் வெள்ளைப் பொடிதான் மிஞ்சும். போனது தண்ணீர். அந்த வெள்ளைப் பொடிக்குத்தான் நீரற்ற என்ற அடைமொழி சேரும்.

தயோசல்பேட்டும் அப்படி இரண்டு வகையாக வருகிறது. நீருள்ள வகையில் மூன்றில் ஒரு பங்குக்கும் மேல் எடை தண்ணீர்தான். நீரற்றது நூறு கிராம் போடவேண்டிய இடத்தில் நீருள்ளது நூற்றைம்பத்தேழு கிராம் போடவேண்டும். நூறே போட்டால் தொட்டியில் குளோரின் மிஞ்சும். மனிதரை அது ஒன்றும் செய்யாது. கண்ணுக்குத் தெரிந்தும் தெரியாமலும் நீந்தும் இறால் குஞ்சு சாக அதுவே போதும்.

இதெல்லாம் எனக்குத் தெரியாமல் இல்லை. நான் சேர்ந்த நாளிலிருந்து எங்களுக்கு நீரற்றது மட்டுமே வந்தது. மாவு போன்ற வெள்ளைப் பொடி. ஒரே வகை வரும்போது அடைமொழி எதற்கு என்று விட்டுவிட்டேன். நினைத்து விட்டதுகூட இல்லை, அது கையிலிருந்து நழுவிய விதமே எனக்கு நினைவில்லை. தினமும் நாட்குறிப்பு எழுதுகிறவள் நான். செங்கல்பட்டில் பஸ் ஏறிய நேரம், திருக்கழுக்குன்றம் தாண்டிய நேரம், தொட்டி வாரியாக உப்பளவு, வெப்பம் எல்லாம் அதில் இருக்கும். அந்த ஒரு சொல் மட்டும் எங்கும் இல்லை.

தொட்டிகளைப் பார்த்துக்கொண்டவர் புதுப்பட்டினத்துக்காரர். எனக்கு இரண்டு மூன்று வயது மூத்தவர். நான் அவரை அண்ணே என்பேன், அவர் என்னை மேடம் என்பார். அவருக்கு ஒரு வேலைக்கிரமம் இருந்தது. உப்பு கரைத்த பிறகு, கண்ணாடிக் குழாயில் தொட்டித் தண்ணீர் எடுத்து, குளோரின் பார்க்கும் சொட்டு மருந்தை ஐந்து சொட்டு விடுவார். தண்ணீர் மஞ்சளானால் குளோரின் இருக்கிறது. நிறம் மாறாவிட்டால் குஞ்சுகளை விடலாம். குழாயை ஆட்டிவிட்டு, கூடத்தை விட்டு வெளியே வந்து, வெள்ளைச் சுவருக்கு எதிரே பிடித்துப் பார்ப்பார். உள்ளே பார்க்கக் கூடாது. எங்கள் கூரை பழுப்பேறிய ஃபைபர் ஷீட், அதன் கீழே வெறும் தண்ணீரும் மஞ்சளாகத்தான் தெரியும். அந்த வழக்கத்தை அவருக்கு யாரும் சொல்லித் தரவில்லை, அவரே கண்டுகொண்டது.

அன்று நான் பண்ணையில் இல்லை. மகனின் சான்றிதழ் ஒன்றுக்காகச் செங்கல்பட்டில் ஓர் அரசு அலுவலகத்தில் வரிசையில் நின்றிருந்தேன். எனக்கு முன்னே இன்னும் ஒருவர்தான். அண்ணன் பண்ணையிலிருந்து போனில் கூப்பிட்டார்.

“மேடம், மஞ்சளா கீது.”

“எவ்ளோ மஞ்சள்?”

“லேசாத்தான். ஆனா கீது. குஞ்சு வண்டி மாமல்லபுரம் தாண்டி வந்துகினு கீதாம். இன்னா பண்ணட்டும்?”

“உப்பு எடை போட்டீங்களா?”

“சார்ட்ல இருக்கிறதுதான் போட்டேன். ஆனா மேடம், இந்த வாட்டி மூட்டைல உப்பு கல்லு கல்லா கீது. கல்கண்டு கணக்கா.”

“நம்ம ஊர் காத்துக்கு எதுதான் கட்டியாகலை? சமையல் உப்பே கட்டியாகுது. உடைச்சுப் போட்டீங்கல்ல?”

“போட்டேன்.”

“அப்ப அளவு சரி. ஷீட்டுக்குக் கீழ நின்னு பாக்காதீங்க அண்ணே, அது மஞ்சளாத்தான் காட்டும்.”

“நான் எப்பமே வெளிய வந்துதான் பாப்பேன்.”

எனக்கு முன்னே இருந்தவர் நகர்ந்தார். ஜன்னலில் என்னைக் கூப்பிட்டார்கள்.

“சார்ட் சரியாத்தான் இருக்கும். விட்டுடுங்க,” என்றேன்.

காற்று ஓட்டும் மோட்டாரின் சத்தம் மட்டும் கேட்டது. பிறகு, “சரி மேடம்,” என்று வைத்துவிட்டார்.

கடற்கரையில் வேலை செய்கிற எங்களைப் போன்றவர்கள்தான் செய்யக்கூடிய தவறு அது. கடலை விட்டுத் தள்ளியுள்ள ஊர்களில் பொடி கட்டியானால் மூட்டை மாறியதோ என்று கேட்பார்கள். எங்களுக்கு எல்லாம் கட்டியாகும், எல்லாவற்றுக்கும் காற்றையே காரணம் சொல்லிப் பழகிவிட்டோம். ஈரம் பட்டு இறுகிய கட்டி மங்கலாக இருக்கும், அழுத்தினால் உதிரும். படிகத்துக்குத் தட்டையான பக்கமும் கூரான விளிம்பும் உண்டு, வெளிச்சம் ஊடுருவும். கல்கண்டு என்று அவர் சொன்னது சரியான வருணனை. அதைவிட நன்றாக ஒரு வேதியியல் ஆசிரியராலும் சொல்லியிருக்க முடியாது.

மறுநாள் காலை மூன்று தொட்டிகளின் அடியிலும் செத்த குஞ்சுகள் சாம்பல் தூவியது போலக் கிடந்தன.

முதலாளி காலணியைக்கூடக் கழற்றாமல் கூடத்துக்குள் வந்தார். “டெஸ்ட் பண்ணியா இல்லையா? அத மட்டும் சொல்லு,” என்றார் அண்ணனிடம்.

“பண்ணேன் சார்.”

“பண்ணியும் விட்டியா?”

அண்ணன் என்னைப் பார்த்தார். நான் அட்டவணையைப் பார்த்தேன்.

“அளவு சரியாத்தான் இருக்கு சார்,” என்றேன். அந்த நேரத்தில் அது பொய் என்று எனக்குத் தெரியாது. தொலைபேசியில் நான் சொன்னதை அங்கே சொல்லவில்லை என்பது மட்டும் நன்றாகத் தெரிந்தது. அவரும் சொல்லவில்லை. ஏன் சொல்லவில்லை என்று பல நாள் யோசித்தேன். நானே சொல்வேன் என்று காத்திருந்தார் என்றுதான் இப்போது நினைக்கிறேன்.

அன்றே அவரை நிறுத்திவிட்டார்கள்.

அதோடு முடியவில்லை. இந்தக் கரையில் இருக்கும் குஞ்சுப் பண்ணைகளின் ஆட்கள் எல்லோருக்கும் பொதுவாக ஒரு வாட்ஸ்அப் குழு இருக்கிறது. எங்கே நோய் வந்தது, எந்த மோட்டார் நல்லது என்று அதில்தான் பேச்சு. அன்று மாலை அதில் நான் ஒரு செய்தி போட்டேன். ‘குளோரின் சோதனையைச் சரியாகப் பார்க்காததால் மூன்று தொட்டி இழப்பு. அனைவரும் கவனமாக இருக்கவும்.’ பெயர் போடவில்லை. போடத் தேவையும் இல்லை, எங்கள் பண்ணையில் சோதனை பார்ப்பவர் யார் என்று எல்லோருக்கும் தெரியும். முதலாளி அவரைக் குழுவிலிருந்து நீக்கினார்.

தொட்டிகளில் அடுத்த குஞ்சு இன்னும் விடவில்லை. பதினாறு நாள் கழித்துச் சரக்கறையில் இருப்பு எடுத்தேன். தயோசல்பேட் மூட்டையை நகர்த்தியபோது கைக்குள் சரளைக்கல் போலக் கரகரத்தது. லேபிளைப் படித்தேன். ஆங்கிலத்தில் உப்பின் பெயர் பெரிய எழுத்தில், அதன் பின்னே ஒரு காற்புள்ளி, அதற்குப் பின் சிறிய எழுத்தில் நீருள்ளது என்று தெளிவாக அச்சிட்டிருந்தது. அனுப்பியவர்கள் மேல் தவறில்லை. வழக்கமானது கிடைக்காததால் இதை அனுப்புகிறோம் என்று பில்லிலேயே எழுதியிருந்தார்கள். அந்தப் பில்லை வாங்கி, தேதி போட்டு, கோப்பில் வைத்தது நான்தான்.

மூட்டையின் மேலேயே உட்கார்ந்துவிட்டேன். நாட்குறிப்பை எடுத்து அந்த நாளைத் திருப்பினேன். என் கையெழுத்தில் இருந்தது: ‘தொட்டியிலிருந்து அழைப்பு. மஞ்சள் என்றார். உப்பு கல்லாக இருக்கிறது என்றார். கூரை வெளிச்சம் என்றேன். விடச் சொன்னேன்.’ நான்கு வரி. மஞ்சள் என்ற சொல்லுக்குக் கீழே கோடுகூடப் போட்டிருந்தேன்.

முதலாளியிடம் உப்பு மாறியதைச் சொன்னேன். அட்டவணையில் வகை குறிப்பிடாதது என் தவறு என்றும் சொன்னேன். நாட்குறிப்பு பைக்குள்ளேயே இருந்தது. அவர் நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். “சரி விடுங்க. இனிமே பாத்து வாங்குங்க. அவன் எடத்துக்கு ஆள் போட்டாச்சு,” என்றார்.

அண்ணன் சிறுசேரியில் ஒரு மென்பொருள் வளாகத்தின் வாசலில் காவலாளியாக இருக்கிறார் என்று எங்கள் டிரைவர் சொன்னார். ஞாயிற்றுக்கிழமை மாமல்லபுரத்தில் பஸ் மாறி, திருப்போரூர் வழியாகப் போனேன். வழியெல்லாம் வயலுக்கு நடுவே மனை விற்பனைக் கொடிகள். என்ன சொல்வது என்று நாட்குறிப்பின் பின்பக்கத்தில் வரிசைப்படுத்தி வைத்திருந்தேன்.

அவர் சாம்பல் நிறச் சீருடையில் இருந்தார். சட்டை தோளில் பெரிதாக இருந்தது. என்னைப் பார்த்ததும் நாற்காலியிலிருந்து எழுந்தார், பழக்கத்தில்.

“இன்னா மேடம், இவ்ளோ தூரம்?”

சொன்னேன். உப்பு வேறு வகை, அதற்குள் தண்ணீர் உண்டு, அதனால் அளவு பற்றாமல் போனது, மஞ்சள் என்று அவர் பார்த்தது சரி. நீரற்ற என்ற சொல்லையும் விளக்கத் தொடங்கினேன். ஒரு வாடகைக் கார் வந்தது. வாசல் தடுப்புக் கம்பியைத் தூக்கிவிட்டு, வண்டி போனதும் இறக்கிவிட்டு வந்தார்.

“அது மஞ்சள்தான்னு எனக்கு அன்னிக்கே தெரியும் மேடம். எட்டு வருசமா பாக்கறேன். நீ சொல்ட்ட, சரியாத்தான் இருக்கும்னு நானே தொறந்து வுட்டேன். என் கண்ண நானே நம்பல. அதான் பேஜாரா கீது.”

“முதலாளிகிட்ட சொல்லிட்டேன் அண்ணே, தப்பு என்னோடதுன்னு.”

“உப்பு மாறினத சொன்ன. நான் போன் பண்ணத சொன்னியா?”

இல்லை என்று தலையசைத்தேன். அவர் சிரித்தார், அதில் கோபம் இல்லாதது எனக்கு இன்னும் கஷ்டமாக இருந்தது.

“புதுப்பட்டினத்துல ரெண்டு குஞ்சு ஹேச்சரில வேல கேட்டுப் பாத்தேன். டெஸ்ட் பாக்காம குஞ்ச சாவடிச்ச ஆளாச்சேன்றான். குரூப்ல படிச்சானாம். வூட்ல என் பொண்ணே கேக்குது, நீ தூங்கிட்டியாப்பான்னு.” தொப்பியை எடுத்து உள்பக்கத்தைத் துடைத்தார். “எனக்கு அங்க வேலகூட வாணாம் மேடம். நான் பாத்தேன், சொன்னேன். அத மட்டும் சொல்லு.”

மறுநாள் காலை முதலாளியின் மேசையில் நாட்குறிப்பைத் திறந்து வைத்தேன். அவர் அந்த நான்கு வரியையும் இரண்டு முறை படித்தார். “எழுதி வச்சிருக்கீங்க. அன்னிக்கே காட்டியிருக்கலாமே,” என்றார். என்னையும் நிறுத்துவார் என்று நினைத்தேன். நிறுத்தவில்லை.

பிறகு குழுவில் எழுதினேன். சோதனை சரியாகவே பார்க்கப்பட்டது, குளோரின் இருப்பதை அவர் எனக்கு அழைத்துச் சொன்னார், குஞ்சுகளை விடச் சொன்னது நான், அட்டவணையில் நீரற்ற என்று குறிப்பிடாததும் நான் என்று நான்கு வாக்கியம். அவர் பெயரை இந்த முறை போட்டேன்.

பத்து நிமிடத்தில் பதில்கள் வந்தன. இரண்டு பேர் கட்டைவிரல் போட்டார்கள். ஒருவர், ‘நீருள்ளதுக்கு எத்தனை கிராம் மேடம்?’ என்று கேட்டார். இன்னொருவர், ‘நீரற்றது இப்போது எங்கே கிடைக்கிறது?’ என்றார். மூன்றாமவர் தன்னிடம் இருக்கும் மூட்டையைப் படமெடுத்து அனுப்பி, இது எந்த வகை என்று கேட்டார். எல்லாவற்றுக்கும் பதில் எழுதினேன். அவரைப் பற்றி ஒருவரும் எதுவும் எழுதவில்லை.

அவர் குழுவில் இல்லை என்பதால் என் செய்தியைத் திரையோடு படம் பிடித்து அவருக்கு அனுப்பினேன். மாலையில் இரண்டு நீலக் குறி விழுந்தது. பதில் வரவில்லை. மகளிடம் காட்டியிருப்பாரா என்று தெரியவில்லை. கேட்கவும் எனக்கு உரிமையில்லை.

அட்டவணையைப் புதிதாக எழுதி ஒட்டியிருக்கிறேன். ஐந்தாவது வரி இப்போது இரண்டு வரி, வகைக்கு ஒன்று. தொட்டிக்கு வந்திருக்கும் புது ஆள் நல்லவர், சுறுசுறுப்பானவர். முன்னால் இருந்தவருக்கு என்ன ஆனது என்று யாரோ அவருக்குச் சொல்லியிருக்கிறார்கள். “எல்லாம் சரியா கீது மேடம்,” என்பார் ஒவ்வொரு முறையும், நான் கேட்டு முடிக்கும் முன்பே. சேர்ந்து ஐந்து மாதம் ஆகிறது. ஒரு தடவைகூட அவர் மஞ்சள் என்று சொன்னதில்லை. அதனால் அவர் போன பிறகு நானே குழாயில் தண்ணீர் எடுத்து, ஐந்து சொட்டு விட்டு, வெளியே வந்து வெள்ளைச் சுவருக்கு எதிரே பிடித்துப் பார்க்கிறேன்.