ஏழாம் அத்தியாயத்தின் பின்பாதி

அந்தப் புத்தகத்தின் முதுகில் ஊதா நிற றெக்சின் ஒட்டியிருக்கும். அதன்மேல் இருந்த வெள்ளை எழுத்துகளில் பாதி உதிர்ந்துவிட்டதால், பெயரை ஏற்கெனவே தெரிந்தவர்கள்தான் வாசிக்க முடியும். கணிதப் பௌதிகமும் பகுப்பாய்வும் சேர்ந்த தடித்த ஆங்கிலப் புத்தகம். தலைக்கு வைத்துப் படுத்தால் கழுத்து வலிக்கும், படுத்துப் பார்த்திருக்கிறேன். பல்கலைக்கழக நூலகம் பழைய புத்தகங்களைக் கழித்தபோது அதை நானே கேட்டு வாங்கி, என் அலுவலக அறை அலுமாரியில் வைத்துக்கொண்டேன். இணையத்தில் எல்லாம் கிடைக்கிற காலத்தில் இது எதற்கு என்று யாரும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் பொய்தான் சொல்லியிருப்பேன்.

அந்தப் புத்தகத்தோடு சேர்ந்து நினைவுக்கு வருகிறவள் என் விடுதி அறைத்தோழி. நான் நகரத்து மஹய்யாவக்காரி. அவள் ஹுன்னஸ்கிரியப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்திலிருந்து வந்தவள். கணித விசேட வகுப்பில் தமிழ்ப் பெண்கள் என்று நாங்கள் இருவர்தான் இருந்தோம். எனக்கு அன்றும் இன்றும் பத்து நிமிடம் ஓரிடத்தில் உட்கார முடியாது. ஒரு கணக்குக்கு நாலு தரம் எழும்பி நடப்பேன், தண்ணீர் குடிப்பேன், ஜன்னலைத் திறந்து மூடுவேன். அவள் உட்கார்ந்தால் உட்கார்ந்ததுதான். மழை அடித்துக் கொப்பி நனைந்தால்தான் தலை நிமிர்த்துவாள். அவளைப் பார்க்கப் பார்க்க எனக்கு எரிச்சலாக இருக்கும். பொறாமை என்று சொல்லிவிட்டால் இன்னும் சுருக்கமாக முடிந்துவிடும்.

ஏழாம் அத்தியாயம் அதிரும் மேளத்தோலைப் பற்றியது. விளிம்பில் இறுகக் கட்டிய தோல் எந்தெந்த விதங்களில் அதிரும், ஒவ்வொன்றுக்கும் என்ன சுரம் என்பது முன்பாதி. அந்தச் சுரங்களை மட்டும் கூட்டியே அந்தத் தோலின் எந்த அசைவையும் கட்டிவிடலாம், வேறு ஒன்றும் தேவையில்லை என்ற நிறுவல் பின்பாதி. விரிவுரையாளர் வகுப்பில் அதை மேலோட்டமாகச் சொல்லிவிட்டு, மிச்சத்தைப் புத்தகத்தில் பார்த்துக்கொள்ளச் சொன்னார். எனக்கு அது பரீட்சைக்கு வரக்கூடிய ஒரு கேள்வி. அவளுக்கு அப்படி இல்லை. அவளுடைய அப்பா தோட்டத்துத் திருவிழாக்களில் தப்பு அடிப்பவர். “அப்பா தப்பைத் தீயில காட்டுனா சத்தம் ஏறும்டி. ஏன்னு சின்னதுல கேட்டா, தோலு இறுகுது, அவ்வளவுதான்னு சொல்லுவாரு. அந்த அவ்வளவுதான்ங்கிறதுக்கு மேல என்ன இருக்குன்னு இந்தப் புத்தகத்துலதான் இருக்கு” என்பாள். சொல்லும்போது அவளுடைய விரல்கள் மேசையில் தட்டிக்கொண்டிருக்கும்.

இறுதிப் பரீட்சை நெருங்கியது. முதல் வகுப்பில் சித்தியடைபவருக்கு எங்கள் துறையில் ஒரேயொரு விரிவுரையாளர் இடம் இருந்தது. அது எங்கள் இருவரில் ஒருவருக்குத்தான் என்று எல்லோருக்கும் தெரியும். புத்தகமும் ஒரே பிரதி, வீட்டுக்கு எடுத்துப்போக முடியாதது. நகல் எடுக்கும் இயந்திரம் அந்த வாரங்களில் பழுதாகிக் கிடந்தது. அப்படிப்பட்ட புத்தகத்தை என்ன செய்வது என்பதில் எங்கள் நூலகத்து மாணவர்கள் எல்லோரும் தேர்ந்தவர்கள். மேசையில் விட்டால் ஊழியர்கள் மாலையில் எடுத்து அதற்குரிய இடத்தில் வைத்துவிடுவார்கள். சம்பந்தமில்லாத தட்டில், மற்றப் புத்தகங்களுக்குப் பின்னால் செருகினால் ஆண்டுக் கணக்கெடுப்பு வரைக்கும் எவர் கண்ணிலும் படாது. நான் அதை மிருக வைத்தியப் பகுதியில், ஆடு வளர்ப்புப் புத்தகங்களுக்குப் பின்னால் செருகினேன். தினமும் ஒன்பது மணிக்குப் போய் எடுத்து, மூலை மேசையில் உட்கார்ந்து படித்துவிட்டு, மறுபடியும் ஆடுகளுக்குப் பின்னால் வைத்துவிட்டு வருவேன்.

இதுவரைக்கும் பலரும் செய்ததுதான். அதற்குப் பிறகு நான் செய்ததுதான் என்னை இருக்க விடாதது. முதல் நாள் மாலை அவள் என்னிடம் வந்து, “புத்தகத்தைக் காணோம்டி, நீ கண்டியா?” என்று கேட்டாள். இல்லை என்றேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். “வா, சேர்ந்து தேடுவோம்” என்று அவளைக் கூட்டிக்கொண்டு போனேன். பௌதிகம், இரசாயனம், பொறியியல் என்று தட்டுத் தட்டாக முழங்காலில் நின்று தேடினோம். நான் அவளை விட மும்முரமாகத் தேடினேன். புழுதியில் தும்மினேன். “எந்த மூதேவி ஒளிச்சு வச்சுதோ” என்று திட்டவும் செய்தேன். மிருக வைத்தியப் பக்கம் வந்ததும், “இங்க எங்கடி இருக்கப் போவுது” என்று அவளுடைய கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

அடுத்த நாளிலிருந்து அவள் விடிந்ததும் விடுதியை விட்டுப் போகத் தொடங்கினாள். தேடப் போகிறாள் என்று நினைத்துக்கொண்டேன். மூன்றாம் நாள் விடுதியில் தண்ணீர் வரவில்லை. குளிக்காமல் கொள்ளாமல் நானும் நேரத்தோடு கிளம்பி, எட்டேகால் போல நூலகத்துக்குள் நுழைந்தால், மிருக வைத்தியத் தட்டுகளுக்கு நடுவிலிருந்து அவள் வருகிறாள். கொப்பியை நெஞ்சோடு அணைத்திருந்தாள். “என்னடி இந்தப் பக்கம்?” என்றேன். “சும்மா தேடுனேன்” என்றாள். அவள் போனதும் ஓடிப்போய்ப் பார்த்தேன். புத்தகம் வைத்த இடத்தில் வைத்தபடி இருந்தது. அப்பாடா என்றிருந்தது. கண்டிருந்தால் எடுத்திருப்பாள் என்று நினைத்தேன், ஏனென்றால் நான் எடுத்திருப்பேன். ஆனாலும் மனம் கேட்கவில்லை. அன்றைக்கே அதை மேல்மாடிக்குக் கொண்டுபோய்ப் பழைய விவசாய அறிக்கைகளுக்குப் பின்னால் தள்ளிவிட்டேன்.

பரீட்சையில் அந்தப் பின்பாதி நிறுவல் அப்படியே வந்தது. எனக்கு முதல் வகுப்பு கிடைத்தது. அவளுக்கு அந்த ஒரு தாளால் அது தவறிப்போனது. பெறுபேறு வருவதற்கு முன்பே நான் பாவசங்கீர்த்தனத்துக்குப் போயிருந்தேன். ஃபாதர் முழுவதையும் கேட்டுவிட்டு, “அந்தப் பிள்ளைகிட்டச் சொன்னீங்களா?” என்றார். இல்லை என்றேன். “முதல்ல அதைச் செய்ங்க” என்றார். செய்யவில்லை. வேலைக் கடிதம் வந்த பிறகு சொல்வது இன்னும் கஷ்டமாகிவிட்டது. அவள் ஊர்ப் பக்கத்துப் பள்ளிக்கூடத்தில் கணித ஆசிரியையாகப் போனாள். நத்தார்ப் பண்டிகைக்கு நான் எடுக்காவிட்டாலும் அவள் தொலைபேசியில் வாழ்த்துச் சொல்லுவாள். எப்படி இருக்கிறாய் என்று கேட்டால், “நல்லா இருக்கேன்டி, என்ன கொறை” என்பாள். உண்மையாகவே நன்றாகத்தான் இருந்தாள். அது எனக்கு ஒரு விதத்திலும் உதவவில்லை. இருபத்தைந்து வருடமாக ஏழாம் அத்தியாயத்தைக் கற்பிக்கும் நாட்களில் மட்டும் வகுப்பை ஐந்து நிமிடம் முன்னதாகவே முடித்துவிடுகிறேன்.

போன மாதம் ஒரு சனிக்கிழமை எங்கள் துறையில் ஆசிரியர்களுக்கு ஒரு பயிற்சி வகுப்பு வைத்தோம். ஒன்பது மணிக்குத்தான் ஆரம்பம். எட்டு மணிக்கே அவள் என் அறை வாசலில் நின்றாள். கதிரையில் உட்கார்ந்து, கைப்பையிலிருந்து மஞ்சள் பாரித்த ஒரு கொப்பியை எடுத்து என் முன்னால் விரித்தாள். ஏழாம் அத்தியாயம், அவளுடைய குண்டு குண்டான எழுத்தில். கடைசி வரியில் ‘எனவே’ என்பதற்கான ஆங்கிலச் சொல் மட்டும் இருந்தது. அதற்குப் பிறகு வெறும் தாள்.

“இது எப்படி முடியுதுன்னு பார்க்கணும்டி” என்றாள். “நெட்ல வேற வேற நிறுவல் நெறையக் கெடக்கு. எனக்கு இதோட முடிவுதான் வேணும்.”

“அப்போ நீ…” என்று இழுத்தேன்.

“ஆட்டுப் புத்தகத்துக்குப் பின்னால. கதவத் தொறந்ததும் போயி, பார்த்து எழுதுவேன். ஒன்பது மணிக்குத்தானே நீ வருவ. மூணாம் நாளு வெள்ளன வந்துட்ட. நாலாம் நாளு போய்ப் பார்த்தேன், இல்ல.”

“ஏன்டி எடுக்காம விட்ட?” என்று கேட்டேன். என் குரல் எனக்கே கோபம் போலக் கேட்டது.

“எடுத்தா நானும் எங்கயாவது ஒளிக்கணும். நீ வந்து என்கிட்டக் கேப்ப. உன்கூடச் சேர்ந்து நானும் தேடணும்.” வெறும் தாளை விரலால் நீவிவிட்டு, “எனக்கு அது வராதுடி” என்றாள்.

அவள் அதைக் கோபத்தில் சொல்லவில்லை, தனக்குப் பாட்டு வராது என்று சொல்வது போலத்தான் சொன்னாள். மன்னித்துக்கொள் என்றேன். அழுகை வந்தது, அதை அவளுக்கு மறைக்கவில்லை. “அதெல்லாம் அப்புறம் பேசிக்கிடுவோம். வகுப்புக்கு நேரமாவுது. புத்தகம் இருக்கா?” என்றாள். ஊதா முதுகைப் பிடித்து அலுமாரியிலிருந்து இழுத்து அவள் முன்னால் வைத்தேன். ஃபோனில் படம் பிடித்துத் தரட்டுமா என்று கேட்டேன். வேண்டாம் என்று தலையாட்டிவிட்டுப் பேனாவைத் திறந்தாள். நின்ற இடத்தை ஒரே புரட்டில் கண்டுபிடித்துவிட்டாள்.

நான் வெளியே வந்து கதவைச் சாத்திக்கொண்டேன். விறாந்தையில் ஹந்தானை மலைப் பக்கத்துக் காற்று குளிராக வந்தது. வழக்கமாக நான் அங்கே நடந்துகொண்டே இருப்பேன். அன்று என் காலடிச் சத்தம் அவளுக்குக் கேட்கக் கூடாது என்று கதவோடு ஒட்டி நின்றேன். பயிற்சிக்குப் பொறுப்பானவர் வந்து, எல்லோரும் காத்திருக்கிறார்கள் என்றார். என்னை விட்டுவிட்டு ஆரம்பிக்கச் சொன்னேன். ஒன்பது மணி ஆகி, ஒன்பதேகாலும் ஆனது. அவள் எழுதி முடித்துத் தானாக வெளியே வரும் வரைக்கும் நான் கதவைத் திறக்கவில்லை.