அப்பா மனப்பாடம் செய்த நடிகை

சினிமா பார்ப்பதே பாவம் என்று நினைத்தவர் என் அப்பா. அவரை உட்காரவைத்து ஒரு வெள்ளைக்கார நடிகையின் சரித்திரத்தை மனப்பாடம் செய்யவைத்த புண்ணியவதி நான்தான்.

அவள் ஐரோப்பாவில் ஓபரா படங்களில் நடித்தவள். பேச்சே கிடையாது, முழுக்கப் பாட்டு. ரங்கூனுக்கு வந்த இரண்டு படங்களையும் மிஷன் பள்ளிக்கூடத்துத் தோழிகளோடு பார்த்துவிட்டுப் பைத்தியமாகி, அவளுக்கு இங்கிலீஷில் ஒரு கடிதம் போட்டேன். ரங்கூனில் பசுந்தாங் பேட்டையில் இருந்த எங்கள் மாடிவீட்டுக்குத் தபால் ஒழுங்காக வராது. எல்லாக் கடிதமும் அப்பா பெயருக்கு, அவர் ஆபீஸ் விலாசத்துக்குத்தான் வரும். பழக்கதோஷத்தில் இதற்கும் அப்பா பெயரையே போட்டுத் தொலைத்தேன். புத்தி எங்கே மேயப் போயிற்றோ!

பதில் வருவதற்குள் ஊர் நிலைமையே மாறிவிட்டது. அப்பா குமாஸ்தாவாக இருந்த மரக் கம்பெனியை அரசாங்கம் எடுத்துக்கொண்டு, ஒரு ராணுவ அதிகாரியைக் கொண்டுவந்து உட்காரவைத்தது. தெரிந்த தமிழ்க் குடும்பங்கள் ஒவ்வொன்றாக இந்தியாவுக்குக் கப்பலேறின. வெளிநாட்டுக் கடிதம் வந்தவர்களை விசாரிக்கக் கூப்பிட்டார்கள். எங்கள் தெருவில் அப்படிப் போன இரண்டு பேர் வீடு திரும்பவில்லை.

ஒரு சனிக்கிழமை அப்பா வந்து சட்டையைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்தார்.

"என் பேருக்கு ஐரோப்பாவிலேருந்து யாரோ ஒரு பொம்பளை எழுதியிருக்காளாம். பிரிச்சுப் பாத்துட்டாங்க. திங்கட்கிழமை அந்த அதிகாரிகிட்ட பதில் சொல்லணுமாம்."

நான் அழுதுகொண்டே உண்மையைச் சொன்னேன். அம்மா முதுகில் ஒன்று வைத்தாள். "அடிப் பாவி, கெடுத்தியே குடியை!"

அப்பா திட்டவில்லை. "பொண்ணு எழுதினான்னு சொன்னா உன்னைக் கூட்டிட்டு வரச் சொல்லுவான். வயசுப் பொண்ணை அந்த அறைக்குள்ள விடமாட்டேன். நான் எழுதினதாவே இருக்கட்டும். சொல்லு, யாரு இந்த அம்மா?"

பழைய சினிமாப் பத்திரிகைகளில் வெட்டி வைத்திருந்ததையெல்லாம் எடுத்துப்போட்டு, மாதாகோயிலில் ஞானோபதேசம் படிப்பிக்கிற மாதிரி கேள்வி கேட்டுக் கேட்டுச் சொல்லிக்கொடுத்தேன். எந்த ஊரில் பிறந்தாள், முதல் படம் எது, எதில் விஷம் குடித்தாள், எதில் கத்திக்குத்துப் பட்டாள். ஞாயிற்றுக்கிழமை பூசையில் அப்பாவின் உதடு முணுமுணுத்துக்கொண்டே இருந்தது. அது ஜெபமில்லை என்று எனக்குத் தெரியும்.

திங்கட்கிழமை மத்தியானமே திரும்பிவிட்டார்.

"தடங்கலில்லாமச் சொன்னேன்மா. சிரிச்சுக்கிட்டே கேட்டான். கடைசியா, இந்த அம்மா பாட்டு எப்படின்னான். குயில் மாதிரிப் பாடுவாங்க, அந்தக் குரலுக்காகத்தான் எழுதினேன்னு சொன்னேன்."

அவள் ஒரு படத்திலும் பாடியதில்லை. பாடியவர்கள் வேறு பாடகிகள், இவள் வாயசைத்தாள். அவளைக் குறைத்துச் சொல்ல மனசு வராமல் அதை மட்டும் அப்பாவிடம் நான் மறைத்திருந்தேன். இதைவிடக் கேடுகெட்ட பிடிவாதம் உண்டா?

"சிரிப்பை நிறுத்திட்டான். கடிதத்தைத் திருப்பி என் முன்னால வச்சு ஒரு வரியைத் தொட்டுக் காட்டினான். நான் பாடுறதில்லைன்னு அந்த அம்மாவே எழுதியிருக்கு."

அப்பா என்னை நிமிர்ந்து பார்க்கவில்லை.

"நாளைக்குக் காலையில, எனக்குச் சொல்லிக்கொடுத்த ஆளைக் கூட்டிட்டு வரணுமாம்."