உப்புத்தாளும் சுடர்ப்பந்தும்

“இருபத்திரண்டு வருஷம் ஆச்சு. இந்த வாயிலேர்ந்து யாரைப் பத்தியாவது ஒரு நல்ல வார்த்தை வந்திருக்கா? வந்து சொல்லச் சொல்லுங்க பார்ப்போம்” என்றபடியே கையுறையின் சுண்டுவிரலைப் பிடித்து இழுத்துப் பார்க்கிறார். இழை அறுந்தால் “அப்பவே நினைச்சேன்” என்பார். அறாவிட்டால் “நாளைக்கு அறும்” என்பார்.

சுடர்ப்பந்துச் சங்கத்தின் உபகரண அறைக்கு அவர்தான் காப்பாளர். அங்கே எல்லாருக்கும் அவர் உப்புத்தாள். பக்கத்தில் போய்விட்டு வந்தவருக்கு எங்கேயாவது ஓரிடத்தில் சிராய்ப்பு நிச்சயம். அரையிறுதியில் தொடர்ந்து மூன்று முறை பந்தைத் தாவிப் பிடித்துவிட்டு, வேர்க்க விறுவிறுக்க வந்து நின்றாள் அணித்தலைவி. “நாலாவது எங்க?” என்று கேட்டுவிட்டுக் கையுறையை வாங்கிக்கொண்டார். வீட்டிலும் சலுகை கிடையாது. ஒருமுறை சாப்பாட்டில் “உப்பு சரியாத்தான் இருக்கு” என்று வாய் தவறிச் சொல்லிவிட, மனைவி எழுந்து வந்து நெற்றியைத் தொட்டுப் பார்த்தார், காய்ச்சலா என்று.

கண்ணாடி இழையில் நெய்த கையுறைகள் பதினான்கு ஜோடி. வெறுங்கையால் பிடித்தால் பந்து விரலிடுக்கில் வழிந்து ஓடிவிடும். கண் கூசாமலிருக்கப் புகைநிறக் கண்மறைப்புகள். பந்து புகுந்ததும் மணியடிக்கும் வளையங்கள் இரண்டு. இத்தனைக்கும் தினம் ஒரு சுற்று வசவு உண்டு. கையுறைகள் சோம்பேறிகள், வளையங்கள் வாயாடிகள். கண்மறைப்புகளைப் பற்றி அவர் சொல்வதை இங்கே எழுத முடியாது.

மிச்சமிருப்பது பந்து. அதற்குத் தோலும் கிடையாது, காற்றும் கிடையாது, முழுக்க வெளிச்சம். அதன் ஒரே தீனி நல்ல வார்த்தை. கேட்டால் பூரித்து எரியும், கேளாவிட்டால் வாடி மங்கும். ஆகவே காப்பாளர் நாள்தோறும் கால் மணி நேரம் பந்திடம் கனிவாகப் பேசவேண்டும் என்பது ஒன்பதாம் விதி. நம்மவர் அந்த விதியைச் சிவப்பு மையால் அடித்து, ஓரத்தில் ‘தேவையில்லை’ என்று எழுதிக் கையெழுத்தும் போட்டிருக்கிறார். மற்ற சங்கங்களில் பந்தை மடியில் வைத்துத் தாலாட்டாத குறை. இவரோ காலையில் கூடையைத் திறந்ததும் “என்ன, இன்னும் தூக்கமா?” என்று அதட்டுவார். பந்து பளீரென்று எரியும். “கண்டிப்புன்னா இது” என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் காட்டுவார்.

போன வாரம் பந்து மங்கியது. முதல் நாள் மஞ்சளாக, மறுநாள் அழுக்கு மஞ்சளாக, மூன்றாம் நாள் அடுப்பில் மறந்துபோன கங்கு மாதிரி. மூன்றாம் நாள்தான் இறுதியாட்டம். மாலை நான்கு மணிக்குள் பந்து எரியாவிட்டால் கோப்பை எதிரணிக்கு, உபகரண அறைச் சாவி சங்கத் தலைவரின் மச்சானுக்கு. மச்சான் காலையிலேயே வந்து, சாவியைப் பார்த்தபடி நாற்காலியில் உட்கார்ந்திருந்தார்.

உப்புத்தாள் இருக்கிற வசவையெல்லாம் தீர்த்தார். பந்து இன்னும் சுருங்கியது. தலைவரே இறங்கி வந்து, ஒளியே, எங்கள் குலவிளக்கே என்று பத்து நிமிடம் பொழிந்தார். பந்து அவரிடமிருந்து நகர்ந்து கூடையின் மூலைக்குப் போய்விட்டது. அதுவும் தேர்தல் கூட்டங்களுக்குப் போய்வந்த பந்துதானே.

மூன்று நாளில் என்ன மாறியது என்று யோசித்தபோதுதான், அறை மூன்று நாளாகக் கூட்டப்படவில்லை என்பது உப்புத்தாளின் கண்ணில் பட்டது. கூட்டுகிற அம்மா மகளின் பிரசவத்துக்குப் போயிருந்தார். அவருக்குப் போன் போட்டு, குப்பையைப் பற்றிக் கேட்பதுபோலப் பந்தைப் பற்றிக் கேட்டார்.

“கூட்டறப்ப அதுகிட்ட ரெண்டு வார்த்தை பேசுவேன் சார். நீங்க வர்ற செருப்புச் சத்தம் கேட்டா நிறுத்திடுவேன்.”

“எத்தனை நாளா?”

“வேலைக்குச் சேர்ந்ததிலேர்ந்துதான். இருபத்திரண்டு வருஷமிருக்கும்.” பின்னால் குழந்தை அழுதது. “நீங்களே பேசுங்க சார், ஒண்ணும் கஷ்டமில்ல. நெஜமா தோணறதை மட்டும் சொல்லணும். பொய்யின்னா அதுக்குத் தெரிஞ்சிடும்.”

மணி மூன்றரை. உப்புத்தாள் அறைக்குள் போய்த் தாழ்ப்பாள் போட்டார். வெளியே மச்சான் நாற்காலியைக் கதவுக்கு இன்னும் கிட்டத்தில் இழுத்துப் போடும் சத்தம் கேட்டது. கூடையின் முன்னால் சம்மணமிட்டு உட்கார்ந்தார். தொண்டையைச் செருமினார்.

“மோசமில்ல.”

கங்கு அசையவில்லை.

“சரி, பரவாயில்ல.”

ஒரு மினுக்கு. அதோடு சரி.

கதவை ஒருமுறை திரும்பிப் பார்த்துக்கொண்டார். பிறகு, பல் டாக்டரிடம் வாயைத் திறக்கிறவர் மாதிரி முகத்தை வைத்துக்கொண்டு, இன்னும் கிட்டத்தில் குனிந்தார்.

“போன வருஷம் அந்த மழை ஆட்டத்துல… மத்த பந்தா இருந்தா அணைஞ்சிருக்கும். நீ கடைசி வரைக்கும் எரிஞ்ச. நான் பார்த்துக்கிட்டுதான் இருந்தேன். அன்னிக்கு வீட்டுக்குப் போயும் உன் நினைப்புதான் கண்ணு.”

அறை முழுக்க விடிந்தது. கையுறைகளின் இழைகள் மின்னின. கதவுக்கு அடியிலிருந்த சந்து வழியாக வெளிச்சம் புகுந்து நடைபாதைக்கு ஓடியது. வெளியே நாற்காலி நகர்ந்தது.

உப்புத்தாள் சடக்கென்று எழுந்தார். தோளில் கிடந்த துண்டை எடுத்துச் சந்தில் வைத்து, ஒரு கீற்றும் வெளியே போகாதபடி கால் கட்டைவிரலால் நன்றாக அழுத்தி அடைத்தார். பிறகு சத்தமில்லாமல் திரும்பி வந்து, கூடையின் முன்னால் மறுபடி உட்கார்ந்தார். நான்கு மணிக்கு இன்னும் இருபது நிமிடம் இருந்தது.