உறைக்குள் போன ஓட்டு

‘பிற்பகல் 2.40. டெண்டர் ஓட்டு ஒன்று. உறையில்.’ என் பழைய கைக்குறிப்பில், வாக்குப்பதிவு நாளின் தேதிக்குக் கீழே இவ்வளவுதான் இருக்கிறது. இந்த முறை ஓட்டுப் போட்டுவிட்டு வந்து விரலை முகர்ந்தேன் (ஊரில் இதைச் செய்பவன் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்). அந்த மை நெடிதான் இந்தப் பக்கத்தைத் தேடவைத்தது.

வேலையில் சேர்ந்த புதிது. ஏரலுக்குப் பக்கத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் வாக்குச்சாவடி. பட்டியலில் பெயரைத் தேடி, உரக்கப் படித்து, கோடு போடுவது என் பாடு. எதிரெதிர்க் கட்சி முகவர்கள் இருவர் ஒரே பெஞ்சில். வெளியே பேச்சுவார்த்தை கிடையாதாம். உள்ளே ஒரே பொட்டலத்து முறுக்கைத் தின்றுகொண்டிருந்தார்கள்.

பிற்பகலில் பேச்சியம்மாள் வந்தார். மலைத் தோட்டத்தில் வேலை. ஓட்டுக்காக இரண்டு பஸ் மாறி இறங்கியிருந்தார். பேச்சியம்மாள், கணவர் சுடலைமுத்து. பெயரில் ஏற்கெனவே என் கோடு.

“ஒங்க ஓட்டு காலையிலயே விழுந்துட்டே” என்றேன்.

மையில்லாத விரலை என் மூக்குக்கு நேரே நீட்டினார். “எவ போட்டா? இந்தா, வெரலப் பாருங்க!”

தலைமை அலுவலர் விதிப்புத்தகத்தைப் புரட்டினார். டெண்டர் ஓட்டு என்று தனிச்சீட்டு ஒன்று கொடுக்கலாம். ஆனால் அது பெட்டிக்குள் போகாது, உறைக்குள் போகும். கோர்ட் சொன்னாலொழிய எண்ணமாட்டார்கள்.

“எண்ணாத ஓட்டுக்கு ஏன் மைனி நிக்கிய? பஸ்ஸப் பிடிங்க” என்றார் ஒரு முகவர்.

“நீரு சும்மா இரும்வே. அவுக எனக்குப் போடமாட்டாக, அது வேற. வந்தவுக போடட்டும்” என்ற மற்றவர், முறுக்கைக் கடித்தபடி சொன்னார்: “காலையில வந்தது மேலத்தெரு பேச்சியம்மால்லா? அவ புருசனும் சுடலைமுத்துதான்.”

குலசாமி பெயரையே வைக்கிற ஊர். இரண்டு பக்கம் தள்ளி, அந்தப் பேச்சியம்மாள் பெயரில் கோடு விட்டுப்போயிருக்கிறதா என்று பார்த்திருந்தால் தெரிந்திருக்கும். தவறு என்னுடையதென்றால், இவர் ஓட்டு பெட்டிக்கே போயிருக்கும். நான் பேனா மூடியைத் தேடினேன்.

“எண்ணுனா எண்ணட்டும், எண்ணாட்டிப் போகட்டும். நான் வந்தேன்னு காயிதத்துல இருக்கணும்லா” என்று சீட்டை வாங்கினார் பேச்சியம்மாள். குத்தி, மடித்துக் கொடுத்து, உறையை மூடும்வரை நின்று பார்த்துவிட்டுத்தான் போனார்.

பெட்டி இருந்த இடத்தில் இன்று இயந்திரம். பட்டியலில் படம் வந்துவிட்டது. இரண்டு பேச்சியம்மாள்கள் இனி மாறிப்போகமாட்டார்கள். அன்றைய பட்டியல் மாலையே அரக்கு முத்திரைக்குள் போனது. மேலத்தெரு பேச்சியம்மாளின் பெயரில் கோடு இருந்ததா என்பது இதுவரை சரிபார்க்கப்படவில்லை.