காலர் தேய்த்த அக்கா

லாண்டரியில் இஸ்திரி போடும் அக்காவுக்கு நடிப்பு வராது. அதை அவளே சொல்லியும் பார்த்தாள். சட்டை தேய்க்கக் கொடுக்க வந்த டைரக்டர் பையன் கேட்டால்தானே? "உங்க மகன் செத்துட்டான்னு வந்து சொல்வாங்க. நீங்க கதறணும், அவ்வளவுதான்" என்றான்.

கேமரா ஓடியது. சேதி சொன்னார்கள். அக்காவுக்கு அழுகை வரவில்லை. கையிலிருந்த சட்டையின் காலரைத் தேய்த்தாள், திரும்பவும் அதே காலரைத் தேய்த்தாள். பையன் அதையே படத்தில் வைத்துவிட்டான்.

படம் தியேட்டரில் ஓடவில்லை. அந்தக் காட்சி மட்டும் போன் போனாகச் சுற்றியது. என்ன அடக்கம், என்ன நுணுக்கம் என்று எழுதித் தள்ளினார்கள். அவள் முகம் அச்சடித்த டி-ஷர்ட்டுகளை அவளிடமே தேய்க்கக் கொண்டுவந்தார்கள். அச்சு இஸ்திரிப் பெட்டியில் ஒட்டிக்கொள்ளும் என்பதால், அக்கா தன் முகத்தை உட்பக்கம் திருப்பித்தான் தேய்ப்பாள்.

போன மாதம் அவளுடைய கூடப்பிறந்த தம்பி செத்துப்போனான். சாவு வீட்டில் அக்கா கண்ணில் ஒரு சொட்டு இல்லை. கொடியில் கிடந்த அவன் சட்டையை எடுத்து மடித்தாள், உதறினாள், மறுபடி மடித்தாள். யாரோ ஒருவர் போனைத் தூக்கிப் பிடித்தார்.

"இங்கேயும் படம் காட்ட வந்துட்டீங்களா, அண்ணி?" என்றாள் தம்பி பெண்டாட்டி.

அக்கா சட்டையைக் கீழே வைத்தாள். டைரக்டர் பையன் அன்று கேட்ட மாதிரியே வாய்விட்டுக் கதறினாள். தம்பி பெண்டாட்டி ஓடிவந்து கட்டிக்கொண்டாள். போனைப் பிடித்திருந்தவர்கூட அதை இறக்கிவிட்டார்.

அக்கா நடித்தது அந்த ஒரு தடவைதான்.